பழைய ஆட்டம், புதிய பெட்டி

தமிழகத்துப் பழங்கோயில்கள் பலவற்றின் கல்தரையில் ஆடுபுலி ஆட்டத்தின் கோடுகள் வெட்டப்பட்டிருப்பதை நாம் கண்டிருக்கிறோம். அவற்றை வெட்டியவர் யார், எந்நாளில் வெட்டினார் என்பதை எவரும் எழுதி வைக்கவில்லை. எனினும் அக்கோடுகளின் முன் இன்று இருவர் அமர்ந்தால், புளியங்கொட்டையும் கூழாங்கல்லும் காய்களாக, ஆட்டம் உடனே தொடங்கிவிடும். கல் தேய்ந்து போனாலும் கவலையில்லை. வீட்டுத் திண்ணையில் சுண்ணக்கட்டியால் வரைந்து கொள்ளலாம். பலகை வேறு, ஆட்டம் வேறு. பலகை அழிந்தாலும் ஆட்டம் மாந்தர் நினைவில் தங்கிவிடுகிறது.

மின்னணுக் காலத்து ஆட்டங்களுக்கு இந்தப் பேறு வாய்க்கவில்லை. தொலைக்காட்சியோடு இணைத்து ஆடப்படும் வீடியோ கேம், தான் பிறந்த பெட்டியோடு பிணைக்கப்பட்டது. அந்தப் பெட்டி பழுதானால், அதைச் செய்த நிறுவனம் உற்பத்தியை நிறுத்தினால், ஆட்டமும் ஊமையாகிவிடும். அவ்வாறு ஊமையான ஆட்டங்களை, பின்னாளில் வந்த வேறு பெட்டிகளில் மீண்டும் பேச வைத்தவர்கள் உண்டு. அவர்களுள் பலர் கூலி பெறாத ஆர்வலர்கள். அவர்கள் வீட்டிலிருந்தே எழுதிய மென்பொருளை ஆங்கிலத்தில் 'ஹோம்புரூ' என்பர். வீட்டிலேயே வடித்த பானம் என்பது அச்சொல்லின் முதற்பொருள். நம் வழக்கில் 'கைப்பக்குவம்' எனலாம். அவர்களது வரலாறு விளையாட்டுப் பிள்ளைகளின் கதை மட்டும்தானா? ஒரு தலைமுறையின் ஆக்கங்கள் அடுத்த தலைமுறைக்குச் சென்று சேருமா என்ற கேள்வியும் அதனுள் அடங்கியிருக்கிறது. அதனாலேயே அதனை இங்கே ஆராய்கிறோம்.

தறி கற்பித்த பாடம்

மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில் அண்டை ஊர்களாக அமைந்தவை ராஜபாளையமும் ஸ்ரீவில்லிபுத்தூரும். பழைய எந்திரத்தை வாழவைக்கும் கலை இவ்வூர்களுக்குப் புதிதன்று. 1936இல் பி.ஏ.சி. ராமசாமி ராஜா நிறுவிய ராஜபாளையம் மில்ஸ் தொடங்கி, நூற்பாலைகள் பெருகி வளர்ந்த ஊர் ராஜபாளையம். அருகிலுள்ள சத்திரப்பட்டியில், மருத்துவமனைகளுக்கான பேண்டேஜ் துணி நெய்யும் விசைத்தறிகளின் ஓசை கேட்டுக்கொண்டே இருக்கும். செய்த நிறுவனமே கைவிட்ட தறிக்கும் உள்ளூர்ப் பட்டறையில் உதிரிபாகம் கடைந்து பொருத்தி, மேலும் பல்லாண்டு ஓட்டுவது நெசவு ஊர்களின் வழக்கம். நிறுவனம் மறந்தாலும் தறியை நம்பிய குடும்பம் மறப்பதில்லை.

நெசவிலிருந்து இன்னொரு பாடமும் கிடைக்கிறது. பிரான்சு நாட்டு ஜக்கார்டு என்பவர் 1804இல் வடிவமைத்த பொறியை நம் நெசவாளர்கள் 'ஜக்காடு' என்பார்கள். தறியின் மேலே அமரும் அந்தப் பெட்டிக்குத் துளையிட்ட அட்டைகளைக் கோத்துக் கொடுப்பார்கள். துளை உள்ள இடத்தில் ஊசி நுழையும்; அதற்குரிய பாவு இழை உயரும்; மற்ற இழை கீழே நிற்கும். இப்படி வரிசை வரிசையாகப் பூவும் மாங்காயும் துணியில் எழும். அட்டையில் இருப்பது கட்டளை. அதனை நிறைவேற்றுவது பெட்டி. இன்றைய கணிப்பொறி மென்பொருளுக்கு இந்த அட்டையே மூதாதை என்பது அறிவியல் வரலாறு. ஆனால் ஓர் அளவுப் பெட்டிக்குக் குத்திய அட்டை வேறோர் அளவுப் பெட்டிக்குப் பொருந்தாது. மின்னணு ஜக்காடு வந்தபின் அட்டைக்கே வேலையில்லை. அப்போது பழைய அட்டையின் துளைகளை ஒவ்வொன்றாக எண்ணிப் படித்து, புதிய பொறிக்கு விளங்கும் மொழியில் மாற்றித் தர ஒருவர் வேண்டும். இல்லையேல் பாட்டன் காலத்துப் பூவேலை, பரணில் கிடக்கும் வெறும் அட்டைக் கட்டாகிவிடும்.

வீடியோ கேம் உலகில் நிகழ்ந்ததும் ஏறத்தாழ இதுவே.

நம் வீடுகளுக்கு வந்த பெட்டி

வீட்டுத் தொலைக்காட்சியில் ஆடத்தக்க முதல் விளையாட்டுப் பெட்டி, ரால்ஃப் பேர் என்பவரின் ஆய்விலிருந்து பிறந்து, 1972இல் மேக்னவாக்ஸ் ஒடிசி என்ற பெயரில் அமெரிக்கச் சந்தைக்கு வந்தது. ஜப்பானிய நிண்டெண்டோ நிறுவனம் 1983இல் ஃபேமிகாம் என்ற பெட்டியை வெளியிட்டது. அதற்கென 1985இல் வந்த சூப்பர் மரியோ பிரதர்ஸ் என்னும் ஆட்டம் முழுவதும் 40 கிலோபைட் அளவே. இன்று நாம் கைப்பேசியில் எடுக்கும் ஒரேயொரு நிழற்படத்தில் இத்தகைய ஆட்டங்கள் பல அடங்கிவிடும். அத்துணைச் சிறிய இடத்தில் வானம், மேகம், குழாய்கள், கோட்டைகள், இசை என ஓர் உலகையே அமைத்த சிக்கனம், ஈரடியில் பொருளை அடக்கும் நம் குறட்பா மரபினர் வியந்து போற்றத்தக்கது.

இந்தியாவில் இப்பெட்டிகள் எளிதில் கிடைக்கவில்லை. ஃபேமிகாம் வகைப் பெட்டி இங்கே சாமுராய் என்ற பெயரில் விற்கப்பட்டது. சேகா நிறுவனத்தின் மெகா டிரைவ் பெட்டியை 1995இல் ஷா வாலஸ் நிறுவனம் விற்பனைக்குக் கொணர்ந்தபோது அதன் விலை 18,000 ரூபாய். அக்காலத்தில் ஓர் ஆலைத் தொழிலாளி அதனை எண்ணிப் பார்க்கவும் இயலுமா? எனவே நம் சிறார் கைக்கு வந்து சேர்ந்தவை பெரும்பாலும் நகல் பெட்டிகளே. ஃபேமிகாமின் உட்பாகங்களைப் பார்த்து, கிழக்காசிய நாடுகளில் மலிவாகச் செய்யப்பட்டவை அவை. சென்னை பர்மா பஜார் போன்ற சந்தைகளிலிருந்து சிற்றூர்க் கடைகள் வரை 'டி.வி. கேம்' என்ற பெயரில் அவை பரவின. மஞ்சள் நிறக் கேசட்டுகள், ஒன்றினுள் நூறு ஆட்டம் இருப்பதாகப் பறைசாற்றும் சீட்டுகள், நெகிழியாலான ஒரு துப்பாக்கி: தீபாவளிக்கும் கிறிஸ்து பிறப்பு விழாவுக்கும் நடுவே வாங்கப்பட்ட இச்செல்வம் எத்தனை வீடுகளின் விடுமுறையை நிரப்பியது என்பதை நம் வாசகர் பலர் அறிவர். வாங்க இயலாதோர், மணிக்கு இவ்வளவு என்று காசு வாங்கி ஆடவிட்ட கடைகளில் வரிசையில் நின்றனர்.

இங்கே ஒரு வரலாற்று உண்மையை நாம் மறைக்கலாகாது. நம் தலைமுறை ஆடிய ஆட்டங்களில் பெரும்பாலானவை, படைத்தவருக்கு ஒரு காசும் சென்று சேராத நகல்கள். பெற்றோர் அதனை அறிந்து செய்யவில்லை. கடைக்காரருள் பலரும் அறிந்திருக்கவில்லை. எனினும் அந்த ஆட்டங்களை எழுதியவர் உழைத்தார், அவர் கூலி வழியிலேயே நின்றுவிட்டது. பழைய ஆட்டங்களைக் காப்பதைப் பற்றி இன்று பேசும்போது இந்த நினைவு நம்முடன் இருத்தல் நலம்.

வேடமிடும் மென்பொருள்

ஒரு பெட்டியின் ஆட்டம் மற்றொரு பெட்டியில் எவ்வாறு ஓடும்? கூத்துக் கலைஞரை எண்ணிப் பார்த்தால் விளங்கும். அவர் அரசர் அல்லர். ஆயினும் அரசனின் நடை, பேச்சு, சினம் அனைத்தையும் கற்று, கேட்ட கேள்விக்கு அரசன் தரும் விடையையே தருகிறார். எமுலேட்டர் எனப்படும் மென்பொருளும் அத்தகையதே. பழைய பெட்டியின் மையச் சில்லு ஒவ்வொரு கட்டளைக்கும் என்ன செய்யுமோ, அதனை அப்படியே புதிய கணிப்பொறியில் நடித்துக் காட்டுகிறது. ஃபேமிகாமின் சில்லு நொடிக்கு ஏறத்தாழ 18 இலட்சம் முறை துடிப்பது. அதன் பணி நினைவகம் 2 கிலோபைட். அந்தத் துடிப்பும், திரையில் ஒவ்வொரு கோடும் வரையப்படும் நேரமும் பிசகாமல் ஒத்துவர வேண்டும். சற்றுப் பிசகினாலும் மேகம் நடுங்கும், இசை தடுமாறும், தாண்ட வேண்டிய பள்ளத்தில் வீரன் விழுந்துவிடுவான்.

1996, 1997 ஆகிய ஆண்டுகளில் ஐநெஸ், நெஸ்டிகிள் போன்ற மென்பொருள்கள் சாதாரண வீட்டுக் கணிப்பொறியிலேயே ஃபேமிகாம் ஆட்டங்களை ஓடச் செய்தன. 1997இல் தொடங்கிய மேம் என்ற திட்டம், காசு போட்டு ஆடும் கடைப் பெட்டிகளின் உள்ளமைப்பை ஆவணப்படுத்துவதையே தன் நோக்கமாக அறிவித்தது. பெட்டிகளை வடிவமைத்த நிறுவனங்கள் தங்கள் குறிப்புகளை வெளியிடவில்லை. ஆகவே ஆர்வலர்கள் சில்லுகளை அளந்தும், ஒரு கட்டளை கொடுத்து விடையைப் பார்த்தும், பிழையைத் திருத்தியும், ஆண்டுக்கணக்கில் கற்றனர். கல்வெட்டு அறிஞர் தேய்ந்த எழுத்தை விரலால் தடவிப் படிப்பது போன்ற பொறுமை அது.

இவ்வேடத்தால் நடிக்க இயலாதவையும் உண்டு. டி.வி. கேமோடு வந்த துப்பாக்கியை எடுத்துக்கொள்வோம். வாத்தை நோக்கிச் சுட்டதும் திரை ஒரு கணம் கறுத்து, வாத்து இருந்த இடம் மட்டும் வெள்ளைக் கட்டமாக ஒளிரும். துப்பாக்கியின் முனையிலுள்ள ஒளியுணரி அந்த வெள்ளையைக் கண்டால் 'பட்டது' என்று பெட்டிக்குச் சொல்லும். பழைய குழல் தொலைக்காட்சி ஒளியை உடனுக்குடன் காட்டியது. இன்றைய தட்டைத் திரையோ படத்தைச் சிறிது பதப்படுத்திக் காலந்தாழ்த்திக் காட்டுகிறது. அந்தச் சிறு தாமதத்தில் துப்பாக்கி குருடாகிவிடுகிறது. எனவே வீட்டில் எஞ்சியிருக்கும் பழைய துப்பாக்கியைப் புதிய தொலைக்காட்சியில் நீட்டும் தந்தை, மகன் முன்னே ஏமாற்றமடைவது உறுதி. குறை அவர் குறியில் இல்லை. ஆட்டத்தை மட்டும் காத்தால் போதாது, அது வாழ்ந்த சூழலையும் அறிந்து காக்க வேண்டும் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

வழக்காடியவரே கைக்கொண்ட வழி

இவ்வேடத்தைப் பெட்டி செய்த நிறுவனங்கள் விரும்பவில்லை. 1999இல் கனெக்டிக்ஸ் என்ற அமெரிக்க நிறுவனம், சோனியின் பிளேஸ்டேஷன் ஆட்டங்களை ஆப்பிள் கணிப்பொறியில் ஓடச் செய்யும் மென்பொருளை வெளியிட்டது. சோனி உடனே வழக்குத் தொடுத்தது. கீழ்நீதிமன்றம் விற்பனையைத் தடுத்தது. 2000ஆம் ஆண்டு பிப்ரவரியில் மேல்முறையீட்டு நீதிமன்றம் அத்தடையை நீக்கியது. ஒரு பெட்டியின் செயலை ஆராய்ந்து, அதனோடு ஒத்துப்போகும் புதிய மென்பொருளைத் தன் முயற்சியால் எழுதுவது நியாயமான பயன்பாட்டில் அடங்கும் என்பது தீர்ப்பின் சாரம். 1992இல் சேகா, அக்கோலேட் நிறுவனங்களுக்கு இடையிலான வழக்கிலும் இதே போக்கில் தீர்ப்பு அமைந்திருந்தது. ஆனால் சோனி பின்னர் அந்த மென்பொருளையே விலைக்கு வாங்கி, 2001இல் அதன் கதையை முடித்து வைத்தது.

காலச் சக்கரம் சுழன்றது. தன் பழைய பெட்டியின் நினைவாக 2018இல் சோனி பிளேஸ்டேஷன் கிளாசிக் என்ற சிறிய பெட்டியை வெளியிட்டது. அதனுள்ளே பழைய ஆட்டங்களை ஓட்டுவதற்காக அந்நிறுவனம் வைத்திருந்தது, ஆர்வலர்கள் எழுதி உலகுக்குத் திறந்து வைத்த பி.சி.எஸ்.எக்ஸ். ரீஆர்ம்டு என்னும் எமுலேட்டரே! ஒரு காலத்தில் நீதிமன்றம் வரை சென்று எதிர்த்த வழியை, பிற்காலத்தில் தானே கைக்கொண்டது அந்நிறுவனம். வீடு கட்டுவோர் ஒதுக்கிய கல்லுக்கு நேர்ந்ததை அறிந்த நம் வாசகருக்கு இதில் வியப்பு அதிகம் இராது.

குதிரையின் பெயர்

கணிப்பொறியில் எமுலேட்டரை நிறுவுவது எளிது. விளையாட்டுப் பெட்டியிலோ நிறுவனத்தின் ஒப்புதல் முத்திரை பெறாத எந்த மென்பொருளும் ஓடாதபடி பூட்டுப் போட்டிருப்பார்கள். அந்தப் பூட்டை ஆர்வலர்கள் திறந்த விதம் சுவையானது. நிண்டெண்டோவின் வீ என்ற பெட்டி 2006இல் வந்தது. அதற்குரிய டுவைலைட் பிரின்சஸ் என்ற ஆட்டத்தில் வீரன் தன் குதிரைக்குப் பெயர் சூட்டலாம். சேமித்த கோப்பில் அந்தப் பெயருக்கென ஒதுக்கிய இடம் சிறியது. ஆனால் அதனைத் திரும்பப் படிக்கும்போது நீளத்தை ஆட்டம் சரிபார்க்கவில்லை. 2008இல் ஆர்வலர் குழுவொன்று மிக நீண்ட குதிரைப் பெயரைக் கோப்பில் எழுதி வைத்தது. பெயர் தன் எல்லையைத் தாண்டி வழிந்து, அருகிலிருந்த நினைவகத்தில் ஏறி, அங்கே அவர்கள் எழுதிய கட்டளையை ஓடச் செய்தது. கதவு திறந்தது. அதே ஆண்டு ஹோம்புரூ சேனல் என்ற நுழைவாயிலை அமைத்தனர். அதன் வழியே, வீ பெட்டிக்கு முந்தைய பல தலைமுறைப் பெட்டிகளின் ஆட்டங்கள் வீயிலேயே உயிர்பெற்றன.

சோனியின் பிளேஸ்டேஷன் 2 பெட்டிக்கும் 2008இல் இதுபோன்ற வழி பிறந்தது. ஆட்டத்தின் நிலையைச் சேமிக்கும் சிறிய மெமரி கார்டிலேயே ஒரு மென்பொருளை வைத்து, பெட்டியை எழுப்பும்போது அதனையே முதலில் ஓடச் செய்தனர். வட்டைச் சுழற்றும் பாகம் தேய்ந்துபோன பெட்டிகளும் இதனால் பயன்பட்டன. 2016இல் சோனியின் கையடக்கப் பெட்டியான வீட்டாவின் பூட்டும் திறக்கப்பட்டது. அதே ஆண்டு வந்த அட்ரினலின் என்ற ஆர்வலர் மென்பொருள், அதற்கு முந்தைய கையடக்கப் பெட்டியான பி.எஸ்.பி.யின் சூழலை வீட்டாவுக்குள் முழுமையாக அமைத்துத் தந்தது.

இச்செய்திகள் வெறும் தொழில்நுட்ப விந்தைகளாகத் தோன்றலாம். அவை நம் நாட்டு ஆக்கங்களோடு தொடர்புடையவை என்பதை அடுத்துக் காண்போம்.

இந்தியக் கைகள் செய்த ஆட்டங்கள்

பல்லாண்டு காலம் பிறநாட்டார் படைத்த ஆட்டங்களையே நாம் ஆடி வந்தோம். 2009இல் அந்நிலை மாறியது. ஐதராபாத்தின் அவுரோனா டெக்னாலஜிஸ் நிறுவனம் பிளேஸ்டேஷன் 2 பெட்டிக்காக உருவாக்கிய ஹனுமான்: பாய் வாரியர் என்ற ஆட்டம் வெளியாயிற்று. பெட்டிகளுக்கென முழுவதும் இந்தியாவில் உருவாக்கப்பட்ட முதல் ஆட்டம் என அது பேசப்பட்டது. அதே ஆண்டில், அதே நகரின் கேம்சாஸ்த்ரா நிறுவனம் தேசி அட்டா: கேம்ஸ் ஆஃப் இந்தியா என்ற தொகுப்பை பிளேஸ்டேஷன் 2, பி.எஸ்.பி. ஆகிய இரு பெட்டிகளுக்கும் செய்தது. கபடி, பட்டம் விடுதல், கில்லி முதலிய நம் மண்ணின் ஆட்டங்கள் அதில் இடம் பெற்றன. தெருவில் குழி தோண்டி, கில்லியை எம்பி அடித்துச் சன்னல் கண்ணாடி உடைத்த தலைமுறை, அதனைத் திரையில் கண்டபோது எவ்வளவு மகிழ்ந்திருக்கும்!

ஆனால் காலம் காத்திருக்கவில்லை. உலகெங்கும் 15 கோடிக்கும் மேல் விற்ற பிளேஸ்டேஷன் 2 பெட்டியின் உற்பத்தி 2013ஆம் ஆண்டுத் தொடக்கத்தில் முடிவுக்கு வந்தது. அடுத்த ஆண்டு பி.எஸ்.பி.யும் நின்றது. அதனை அடுத்து வந்த வீட்டாவும் 2019இல் நின்றது. தெருவில் கில்லி ஆடும் பிள்ளைகள் அருகினர். திரையில் கில்லி ஆட உதவிய பெட்டிகளும் கடையிலிருந்து மறைந்தன. இரண்டு வீடுகளும் பூட்டப்பட்ட நிலையில், அந்த ஆட்டத்திற்குத் திண்ணை தந்தவர்கள் ஆர்வலர்களே. பிளேஸ்டேஷன் 2இன் நடையைக் கணிப்பொறியில் நடிக்கும் பி.சி.எஸ்.எக்ஸ். 2 என்ற எமுலேட்டரை 2002 முதல் அவர்கள் இடையறாது செப்பனிட்டு வருகிறார்கள். பி.எஸ்.பி. வட்டை வீட்டாவினுள் செருக இயலாது. எனினும் தன்னிடமுள்ள வட்டை, தன்னுடைய பழைய பி.எஸ்.பி.யிலேயே போட்டு, ஆர்வலர் மென்பொருளின் துணையால் கோப்பாக மாற்றி, வீட்டாவில் ஏற்றி ஆடலாம். கில்லியின் இன்றைய நிலை இதுதான். அதனைக் காத்து நிற்பது, நம் ஊர்ப் பெயர்களையும் அறியாத தொலைநாட்டு இளைஞர் சிலரின் ஓய்வுநேர உழைப்பு.

அமெரிக்காவிலும் நிலைமை மேலானதன்று. வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளை 2023இல் வெளியிட்ட ஆய்வு, 2010க்கு முன் அங்கு வெளியான ஆட்டங்களுள் 87 விழுக்காடு இன்று விலைக்குக் கிடைப்பதில்லை எனக் கண்டது. ஆய்வாளர்கள் இவ்வாட்டங்களை நூலகங்களின் வழியே தம் இடத்திலிருந்தே இரவல் பெற்றுக் காண இசைவு வேண்டுமென்ற கோரிக்கையை, 2024 அக்டோபரில் அந்நாட்டுப் பதிப்புரிமை அலுவலகம் ஏற்கவில்லை. அதே ஆண்டு மார்ச்சு மாதத்தில், அப்போது விற்பனையிலிருந்த நிண்டெண்டோ சுவிட்ச் பெட்டிக்கு எமுலேட்டர் செய்த குழுவினர், 24 இலட்சம் டாலர் தர இசைந்து தம் பணியைக் கைவிட்டனர்.

காப்பதும் கவர்வதும்

இவ்விடத்தில் மனச்சான்றுடைய வாசகர் ஒரு வினா எழுப்புவார்: பூட்டைத் திறப்பது திருட்டாகாதா? வினா நியாயமானது. விடையை ஒரே சொல்லில் கூற இயலாது.

நமது 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம், கணிப்பொறி மென்பொருளை 'இலக்கியப் படைப்பு' என்னும் சொல்லின் பொருளுள் அடக்குகிறது. மரியோவும் நாவலும் சட்டத்தின் கண்ணில் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. எனவே எழுதியவரின் உரிமை, புத்தகத்தில் போலவே இங்கும் மதிக்கத்தக்கது. அதே சட்டத்தின் 52ஆம் பிரிவு, முறைப்படி ஒரு மென்பொருளை வைத்திருப்பவர், அது தொலைந்தோ சிதைந்தோ போகாதிருக்கக் காப்புப் படி எடுத்துக்கொள்ள இடம் தருகிறது. ஒரு மென்பொருளோடு ஒத்துப்போகும் மற்றொன்றைச் செய்வதற்குத் தேவையான செய்தியை, அது வேறு வழியில் எளிதில் கிடைக்காதபோது, ஆராய்ந்து பெறவும் இடம் தருகிறது. 2012இல் சேர்க்கப்பட்ட 65அ பிரிவோ, உரிமையை மீறும் நோக்கத்தோடு தொழில்நுட்பப் பூட்டை உடைப்பவருக்கு இரண்டு ஆண்டு வரை சிறையும் அபராதமும் விதிக்கிறது. சட்டம் நோக்கத்தைக் கேட்கிறது என்பதை நாம் உற்று நோக்க வேண்டும்.

இன்று சந்தையில், பல்லாயிரம் ஆட்டங்கள் அடங்கியதெனக் கூவி விற்கப்படும் சிறு பெட்டிகளைக் காண்கிறோம். அவற்றின் உள்ளே இருப்பவை இரட்டைக் களவு. ஆட்டத்தைப் படைத்தவருக்கும் அதில் பங்கில்லை. 'விற்காதீர்கள்' என்ற கட்டுப்பாட்டோடு எமுலேட்டரை இலவசமாகத் தந்த ஆர்வலருக்கும் மரியாதை இல்லை. தன் அலமாரியிலுள்ள வட்டைத் தன் பேரப்பிள்ளைக்காகப் படியெடுப்பவரும், ஊரார் உழைப்பை மூட்டை கட்டி விற்பவரும் ஒரே கருவியைத்தான் கையாள்கிறார்கள். ஒரே அரிவாள் கதிரையும் அறுக்கும், அயலான் வேலியையும் அறுக்கும். கருவியின் மீது பழி சுமத்தி நம் பொறுப்பைக் கழித்துக்கொள்ள இயலாது.

நம் இல்லத்து ஆவணங்கள்

விளையாட்டு நமக்கு வேண்டாம் என்று ஒதுங்குவோரையும் இவ்வரலாறு விடுவதில்லை. 1086இல் இங்கிலாந்து மன்னர் நிலங்களைக் கணக்கெடுத்து எழுதிய டூம்ஸ்டே ஏடு இன்றும் படிக்கத் தக்கதாய் உள்ளது. அதன் 900ஆம் ஆண்டு நினைவாக 1986இல் பி.பி.சி., மக்கள் வாழ்வைப் படமும் எழுத்துமாகத் திரட்டி ஒளி வட்டுகளில் பதிந்தது. பதினைந்து ஆண்டு செல்லுமுன் அவ்வட்டைப் படிக்கும் பொறிகள் அரிதாகிவிட்டன. 2002இல் லீட்சு, மிச்சிகன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் பழைய கணிப்பொறியை நடிக்கும் எமுலேட்டர் எழுதியே அதனை மீட்டனர். ஒன்பது நூற்றாண்டு தாங்கிய தோலேட்டின் முன், பதினைந்து ஆண்டு தாங்காத வட்டு தலைகுனிந்தது.

நம்மிடமும் இது நிகழ்ந்துள்ளது. 1990களில் தமிழில் கணிப்பொறி அச்சுக்கோப்பு பரவியபோது, ஒவ்வொரு நிறுவனமும் தனக்கென ஓர் எழுத்துருக் குறியீட்டை வகுத்தது. அந்நாளில் பங்கு மலர்கள், விழா மலர்கள், இதழ்கள் பல அவ்வாறு அச்சேறின. யுனிகோடு குறியீட்டைத் தமிழக அரசு 2010இல் ஏற்றது. இன்றைய கணிப்பொறியில் அப்பழைய கோப்பைத் திறந்தால், பொருளற்ற குறிகளே திரையில் நிரம்புகின்றன. தமிழ் அங்கேதான் இருக்கிறது. அதனைப் படிக்கும் கண் மட்டும் இல்லை. அக்குறிகளை மீண்டும் தமிழாக்கும் மாற்றிகளை எழுதி இலவசமாகத் தந்தவர்களுள் பலரும் கூலி பெறாத ஆர்வலர்களே.

ஆகவே நாம் செய்யத்தக்கவை சில உண்டு. பரணில் கிடக்கும் பெட்டியையும் வட்டையும் பழைய இரும்போடு போடுமுன் ஒருமுறை துடைத்துப் பார்க்கலாம். கேசட்டுகள் சிலவற்றின் உள்ளே ஆட்ட நிலையைக் காக்கும் சிறிய மின்கலம் உண்டு. ஆண்டுகள் செல்ல அது தீர்ந்து, சேமித்தவை அழிந்துபோகும். எனவே நாளை என்று தள்ளலாகாது. பங்கு அலுவலகத்துப் பழைய கணிப்பொறியில் உள்ள மலர்க் கோப்புகளை யுனிகோடுக்கு மாற்றி, ஒரு படியைத் தாளிலும் வைக்கலாம். கணிப்பொறி கற்கும் நம் இளைஞர்கள் ராஜபாளையத்திலும் கிருஷ்ணன்கோயிலிலும் உள்ள கல்லூரிகளில் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். பழைய பெட்டியின் கட்டளையைப் புதிய பெட்டிக்கு விளங்க வைக்கும் பயிற்சி, அவர்களுக்கு எந்தப் பாடநூலும் தராத கல்வியாக அமையும். பொங்கல் விடுமுறையில் அவர்களுள் இருவர் அமர்ந்து, இந்தியர் செய்த அந்தக் கில்லி ஆட்டத்தை ஒரு கணிப்பொறியில் ஓட்டிக் காட்டட்டும். பின்பு பிள்ளைகளை அழைத்துக்கொண்டு தெருவில் இறங்கி, குழி தோண்டி, மெய்யான கில்லியையும் அடித்துக் காட்டட்டும். இரண்டும் நம்முடையவை, இரண்டையும் அறிந்தவர் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள்.